பெண் வீட்டு ஆள்

சந்தனம் காய்ந்துவிடுமே என்று ஒரு நினைப்பு. காய்ந்தால் காயட்டும், வெடித்து உதிர்ந்தாலும் வீட்டுக்குப் போய்த் துடைத்துக்கொள்ளலாம், பிள்ளை தூங்கட்டும் என்று அதன் மேலேயே இன்னொரு நினைப்பு. வேப்பமரத்தடியில் விரித்த ஜமுக்காளத்தில் காலை நீட்டி உட்கார்ந்திருந்தாள் சௌந்தரம். எழிலனின் மொட்டைத் தலை அவளுடைய இடது முழங்கை மடிப்பில் ஈரமும் குளிர்ச்சியுமாகக் கிடந்தது. இரண்டு வயதும் மூன்று மாதமும் ஆன தலை என்ன கனம் கனக்கிறது. மொட்டை போடும்போது அழுத அழுகை இன்னும் முழுதாக அடங்கவில்லை. தூக்கத்திலேயே மூச்சு மூன்று துண்டாக உடைந்து உள்ளே போய், ஒரே துண்டாக வெளியே வந்தது. பத்தரைக்கு ராகு காலம் ஆரம்பம். இப்போது ஒன்பதே முக்கால். அதற்குள் காது குத்தியாக வேண்டும். குத்துகிற ஆசாரி வந்து, ஊசியைத் துடைத்து வைத்துக்கொண்டு, டீ குடித்துக்கொண்டிருந்தார். ஒரு பக்கம் பொங்கல் பொங்கி இறக்கியாயிற்று. உறுமிக்காரர் வந்தாயிற்று. சோழநாச்சி அம்மன் சந்நிதியில் கற்பூரம்கூட எடுத்து வைத்தாயிற்று. பிள்ளையை உட்கார வைக்க ஒரு மடிதான் இல்லை. தாய்மாமன் மடியில் வைத்துத்தான் காது குத்த வேண்டும். தாய்மாமன் என்றால் தாயோடு பிறந்தவன். எழிலனுக்குத் தாய் யாரென்று கோயிலில் கூடியிருந்த நாற்பது பேரில் ஒருவருக்கும் தெரியாது. அவனுக்கு அப்பா மட்டும் உண்டு. அதோ, அடுப்புச் சாம்பலில் தண்ணீர் தெளித்துக்கொண்டிருக்கிறானே, அவளுடைய மகன் பாலகுரு, அவன்தான் அப்பா. முப்பத்தொன்பது வயது, கல்யாணம் செய்துகொள்ளாதவன், திண்டுக்கல்லில் பெரிய ஆஸ்பத்திரியில் ரத்தம் பரிசோதிக்கிறவன். தத்துக்குக் கம்ப்யூட்டரில் பதிந்துவிட்டு மூன்று வருஷம் காத்திருந்து, கலெக்டர் கையெழுத்துப் போட்ட உத்தரவோடு, போன வருஷம் ஆனியில் இந்தப் பிள்ளையைத் தோளில் போட்டுக்கொண்டு வந்து படியேறினான். ஒத்தை ஆம்பளைக்குக் கொடுப்பார்களா என்று அவள் கேட்டதற்கு, சட்டம் கொடுக்கச் சொல்லுதும்மா, ஆம்பளப் பிள்ளையா மட்டும் கொடுப்பாங்க என்றான். சட்டத்துக்கு இவ்வளவு இளகின மனசு இருக்கும் என்று அவள் நினைத்ததே இல்லை. எட்டாங்கிளாஸோடு நின்றவளுக்குச் சட்டம் என்றால் நிலத் தகராறும் போலீஸும்தான்.

அந்த மரத்தைப் பார்க்கக் கூடாது என்றுதான் முதுகைக் காட்டி உட்கார்ந்தாள், ஆனாலும் பார்வை அங்கேதான் போகிறது. சந்நிதிக்குப் பின்னால் நிற்கிற அந்த ஆலமரத்தில் கல்யாணம் வேண்டுகிறவர்கள் மஞ்சள் கயிறு கட்டுவார்கள், பிள்ளை வேண்டுகிறவர்கள் மரத்தொட்டில் கட்டுவார்கள். ஆறு வருஷத்துக்கு முந்தி மகன் கல்யாணத்துக்காக அவள் வந்த அன்றைக்குக் கடைக்காரியிடம் கயிறு தீர்ந்துபோயிருந்தது. மதுரை பஸ்ஸில வரும், மூணு மணி ஆகும்மா என்றாள். இரண்டரைக்கு இவளுக்கு பஸ். சும்மா திரும்ப மனசில்லை. தொட்டில் இருந்தது, தொட்டிலையே கட்டிவிட்டாள். தொட்டில் வர வேண்டுமானால் முன்னால் கல்யாணம் வந்துதானே ஆக வேண்டும், அது நாச்சிக்குத் தெரியாதா என்று ஒரு நினைப்பு. நாச்சி சொன்னதைச் சொன்னபடி செய்கிறவள். தொட்டிலைக் கேட்டாய், பிடி. கயிற்றைப் பற்றி நீ வாயே திறக்கவில்லையே. இதை இன்றுவரை அவள் யாரிடமும் சொல்லவில்லை, மகள் சுகந்தியிடம்கூட. சொன்னால் சிரிப்பாள், அண்ணன் கல்யாணத்தை நிறுத்தினது நீதானா என்று நாலு பேர் முன்னால் கேட்பாள். ஒரு வருஷம் மனசுக்குள் கிடந்து உறுத்தியது. அப்புறம் ஒரு நாள் பாலகுருவே, அவளுக்குத் தோசை ஊற்றிக்கொண்டே, எனக்கு அந்த ஆசை யார் மேலயும் இல்லம்மா, பொண்ணு மேலயும் இல்ல, வேற எதுவும் இல்ல, தேடாத, ஆனா ஒரு பிள்ளை வளர்க்கணும்னு மட்டும் ரொம்ப நாளா இருக்கு என்றான். அன்றைக்குத்தான் உறுத்தல் போயிற்று. கயிறு கட்டியிருந்தால் யாரோ ஒரு வீட்டுப் பெண் வந்து அழுதிருப்பாள். நாச்சி கடைக்காரியின் கயிற்றை மறைத்து வைத்திருக்கிறாள். இப்படி நினைக்கும்போதெல்லாம் அவளுக்கு வயிறு குளிர்ந்துவிடும், இப்போதும் குளிர்ந்தது, உடனே மடி நினைவு வந்து அந்தக் குளிர்ச்சியில் ஒரு முள்ளைக் குத்தியது.

மாப்பிள்ளை ஜெகதீசன், சுகந்தியின் வீட்டுக்காரர், தங்கமான மனுஷன், நான் உட்காருறேன் அத்தை என்று முதலில் சொன்னவர் அவர்தான். மறுநாளே அவருடைய அம்மா ஒட்டன்சத்திரத்திலிருந்து போனில் வந்தார். "தப்பா நினைக்காதீங்க சம்பந்தி. என் மகன் தாய்மாமன்னு உட்கார்ந்தா, அப்ப தாய் யாருன்னு கேட்பாங்களா இல்லையா? எனக்கும் ஒரு மக இருக்கா, மணப்பாறையில கட்டிக் கொடுத்திருக்கேன், மாமியார்க்காரி வேற ஒரு மாதிரி. அவ பேர் அடிபடும்ல?" அதில் என்ன தப்பு சொல்ல முடியும். போனை வைத்த பிறகுதான் சௌந்தரத்துக்கு விளங்கியது, எந்த ஆம்பளை அந்த மணையில் உட்கார்ந்தாலும் அவனுடைய தங்கச்சி இந்தப் பிள்ளைக்குத் தாயாகிவிடுகிறாள். ஆம்புலன்ஸ் ஓட்டுகிற சாதிக், பாலகுருவின் சிநேகிதன், அதைக் கேட்டுவிட்டு, "எனக்கு நாலு அக்காங்கம்மா. எந்த அக்கான்னு கேட்டா நான் சீட்டுப் போட்டுத்தான் எடுக்கணும்" என்று சிரித்தான். தங்கச்சி இல்லாத ஆம்பளையாகத் தேடினால் ஆயிற்று என்றாள் சுகந்தி. தங்கச்சி இல்லாதவன் எப்படி யாருக்கும் தாய்மாமன் ஆவான்? யோசிக்க யோசிக்க ஊறப்போட்ட புளியங்கொட்டை மாதிரி வழுக்கிக்கொண்டு போனது. மாமன் கொண்டு வர வேண்டிய சீரெல்லாம், பட்டுச் சட்டை, கிலுகிலுப்பை, அவள் தன் மூக்குத்தியை அழித்துச் செய்த இரண்டு பொட்டுக் கம்மல், எல்லாம் தட்டில் ஏறாமல் பக்கத்தில் ஒரு மஞ்சள் பையிலேயே கிடந்தன. பிள்ளை தூக்கத்தில் உதட்டைச் சப்பினான். தாடையில் நடுவே ஒரு சின்னப் பள்ளம். அது யாருடைய தாடை? அந்த நினைப்பு வரும் என்று தெரியும், வந்துவிட்டது. ஒரு வருஷமாக அவள் எந்த இளம்பெண்ணைக் கண்டாலும், பஸ்ஸிலோ சந்தையிலோ, முதலில் தாடையைத்தான் பார்க்கிறாள். ஒரு நாள் அந்தப் பொண்ணு வந்து, கொடுங்கம்மா என் பிள்ளையை என்று கை நீட்டிவிடுவாளோ என்று பயம். ஒரு நாளும் வராமலே போய்விடுவாளோ, வருவதற்கு அவள் உயிரோடுதான் இருக்கிறாளோ இல்லையோ என்று அதைவிடப் பெரிய பயம். விளக்கேற்றி ஒவ்வொரு பேராகச் சொல்லிக் கும்பிடும்போது, பாலகுரு, சுகந்தி, மாப்பிள்ளை, எழிலன் என்று வந்து, அந்த இடத்தில் பேர் இல்லாமல் நின்றுபோகும். அந்தப் பொண்ணு தாயே, அந்தப் பொண்ணு, உனக்குத் தெரியும் என்று முடிப்பாள். நாச்சி இதுவரை ஒன்றும் சொன்னதில்லை.

நிழல் விழுந்தது. அண்ணன் வையாபுரி, வெள்ளை வேட்டியைத் தூக்கிக் கட்டிக்கொண்டு, மூச்சு வாங்க ஜமுக்காளத்தின் ஓரத்தில் உட்கார்ந்தார். அவளுக்கு மூத்தவர், வத்தலக்குண்டில் உரக்கடை வைத்திருந்தவர், சொந்தத்தில் எந்த விசேஷமானாலும் யார் முன்னால் நிற்பது, யார் பின்னால் நிற்பது என்று அவரைக் கேட்டுத்தான் நடக்கும். வருவாரோ மாட்டாரோ என்று இருந்தது. வந்ததே பெரிசு. "பஸ்ஸுல வர்ற வழியெல்லாம் யோசிச்சேன் சௌந்தரம். நானே உட்காருறேன்" என்றார். அவளுக்கு நெஞ்சு ஒரு நிமிஷம் பூரித்து, மறு நிமிஷம் எங்கோ இடறியது. "நீங்களா அண்ணே? நீங்க பாலகுருவுக்குல்ல மாமன்?" "தாய்மாமன்னா யாரு? தாயோட அண்ணன். நான் யாருக்கு அண்ணன்? உனக்கு. அப்ப பிள்ளைக்குத் தாய் யாரு?" "நானா? அறுபத்திரண்டு வயசுல?" "பெத்தேன்னு யாரு சொன்னா. அவன் டூட்டிக்குப் போயிட்டா பிள்ளை யாரு கையில இருக்கு? உனக்கு மூணாவதுன்னு வெச்சுக்க. பாலகுருவுக்குத் தம்பி. முறையும் கெடாது, சோறு திங்க வந்தவன் ஒருத்தனும் வாய் திறக்க மாட்டான்." "பேப்பர்ல அவன்தானே அண்ணே அப்பா?" "பேப்பர் கலெக்டர் ஆபீசுக்கு. காது கோயிலுக்கு." சொல்லிவிட்டு, பிள்ளையின் காலை ஒரு விரலால் தொட்டார். பொல்லாத மனுஷன் இல்லை. பிள்ளையைச் சொந்தத்துக்குள் கொண்டுவர அவருக்குத் தெரிந்த வழி அதுதான். "கால் கழுவிட்டு வரேன், நீ அதுக்குள்ள அவன்கிட்ட ஒரு வார்த்தை சொல்லிடு" என்று எழுந்து போனார்.

எவ்வளவு லேசாகப் போய்விட்டது எல்லாம். ஆமாம் என்று தலையை ஆட்டினால் போதும். பத்து நிமிஷத்தில் காது குத்தி, இலை போட்டு, பாயசம் ஊற்றி, நல்ல முறையா நடந்துச்சு சௌந்தரம் என்று ஆளாளுக்குச் சொல்லிவிட்டுப் போவார்கள். பிள்ளை வேறு, இப்படி, இந்தக் கனத்தோடு, இந்த வாசனையோடு கையில் கிடக்கிறான். ஆமாம் என்னுடையவன்தான் என்று சொல்ல எந்தப் பொம்பளைக்குத்தான் நாக்கு ஊறாது. உனக்குத் தம்பிடா பாலகுரு. அந்தச் சொல்லை மனசுக்குள் சொல்லிப் பார்த்தாள், பழநி பஸ் ஞாபகம் வந்தது. போன தையில், எழிலனுக்கு பஸ் ஆட்டம் ஒத்துக்கொள்ளாமல், குடித்த பாலெல்லாம் வாந்தி எடுத்தான். பக்கத்தில் இருந்தவர்கள் கால்களைத் தூக்கிக்கொண்டார்கள். அவள் பையில் துண்டைத் தேடினாள். பாலகுரு எதையும் தேடவில்லை. இரண்டு கையையும் சேர்த்து ஏந்தினான். ஏந்தின கையோடு, பஸ் நிற்கிற வரைக்கும், பிள்ளை முகத்தைப் பார்த்து, ஒண்ணுமில்லடா, ஒண்ணுமில்லடா என்று சொல்லிக்கொண்டே வந்தான். அவளுடைய வீட்டுக்காரர் நல்லவர், சாகிற வரைக்கும் ஒரு வார்த்தை சுடச் சொன்னதில்லை, ஆனால் பிள்ளை வாந்தியைக் கையில் ஏந்த அவருக்குத் தோன்றியிருக்காது. தோன்றினாலும் ஆம்பளை என்று கை பின்னால் போயிருக்கும். பிள்ளை வந்த புதிதில், குழந்தைகள் இல்லத்தில் வளர்த்தவர்களை எல்லாம் கூப்பிட்டுப் பழகின வாயால், பாலகுருவையும் ஆயா ஆயா என்றுதான் கூப்பிட்டான். இரண்டு மாசம் அப்படியே போனது. இவன் ஒரு தடவையும் திருத்தவில்லை. ஆயா வந்துட்டேன் என்று குரல் கொடுத்துக்கொண்டே வீட்டுக்குள் வருவான். அப்பா என்று அது தானாக வந்த அன்றைக்கு, சட்டையைக் கழற்றாமல் கொல்லையில் போய் நின்றுகொண்டு, வெகு நேரம் வாளியில் தண்ணீர் பிடித்தான்.

"மாமா சொன்னாரா?" பாலகுரு குனிந்து, பிள்ளையின் காதோரம் ஏறின எறும்பை எடுத்துப் போட்டான். கை சாம்பலும் ஈரமுமாக இருந்தது. "சொன்னாரு." "நீ என்ன சொன்ன?" "நான் ஒண்ணும் சொல்லலப்பா." அவன் பக்கத்தில் குத்த வைத்து உட்கார்ந்தான். "உனக்கு அதுதான் சுலபம்னா செஞ்சிடும்மா. இத்தனை பேரைக் கூப்பிட்டுட்டு உன்னை அலைய விட முடியாது." பிறகு, கோபமே இல்லாமல், "என்ன, வளர்ந்தப்புறம் அப்பா இல்லாம அண்ணனாடா உனக்கு மொட்டை போட்டதுன்னு கேட்பாங்க அவனை" என்று சிரித்தான். சிரித்தபோது கண் சிரிக்கவில்லை. மூன்று வருஷமாக ஆபீஸ் ஆபீஸாக, உங்களுக்கு எதுக்குங்க பிள்ளை என்று கேட்டவர்களுக்கெல்லாம் பொறுமையாகப் பதில் சொன்ன முகம். தத்து ஆபீஸிலிருந்து வீட்டைப் பார்க்க வந்த சின்னப் பெண், நோட்டும் கையுமாக அடுப்படி வரைக்கும் வந்து, நீங்க இதுக்குச் சம்மதமா அம்மா என்று சௌந்தரத்தையும் கேட்டாள். அவன் அப்பா ஆகட்டும்மா, எனக்குச் சந்தோஷம் என்று அன்றைக்குச் சொன்னாள். அந்தப் பெண் அதை அப்படியே எழுதிக்கொண்டாள். எழுதினது இருக்கட்டும், இப்போது இந்த நாற்பது பேர் முன்னால் என் மகன் அப்பா இல்லை, அண்ணன் என்று மடியை விரிப்பதா? மாட்டேன் அண்ணே. அந்த வார்த்தை மனசுக்குள் வந்த வேகம் அவளுக்கே புதிதாக இருந்தது. மாட்டேன், சரி, அப்புறம்? மணி பத்து. ஆசாரி டம்ளரைக் கவிழ்த்து வைத்துவிட்டார். மகன் எழுந்து போனான், போகும்போது பிள்ளையின் காலில் வெயில் படாமல் துண்டை இழுத்து விட்டுவிட்டுப் போனான்.

வாசலைப் பார்த்தாள். கோயில் வாசலில் வாழை கட்டியிருந்தது. அதைத் தாண்டி மண்பாதை வெறிச்சென்று வெயிலில் கிடந்தது. அவள் பார்த்த எத்தனையோ விசேஷங்களில் இந்த நேரத்துக்கு அந்தப் பாதையில் ஒரு கூட்டம் வரும். முன்னால் உறுமி, பின்னால் தட்டுத் தட்டாக, தாய் வீட்டு ஆட்கள். ஒரு வீடு வாசலில் நிற்கும், ஒரு வீடு தெருவிலிருந்து வரும். வாங்க வாங்க என்று இவர்கள் கூப்பிட, அவர்கள் வலது காலை எடுத்து வைப்பார்கள். இங்கே எல்லாரும் ஒரே பக்கம் நின்றுகொண்டிருக்கிறோம். அண்ணன், மகள், மாப்பிள்ளை, நான், எல்லாம் இவன் பக்கம். நாற்பது பேரும் ஆம்பளை வீடு. பெற்றுக் கொடுத்துவிட்டு எங்கேயோ இருக்கிறாளே அந்தப் பொண்ணு, அவளுக்கென்று அந்த மண்பாதையில் ஒரு நாய்க்குட்டி வரவில்லை. மடி இல்லாததா குறை? அந்தப் பாதையில் ஆள் இல்லாததுதான் குறை. ஐயோ, இத்தனை நாளாக நாம் தாய்மாமனைத் தேடினோமே, தாயைத் தள்ளிவிட்டு. நாமே போய் நின்றால் என்ன? நினைத்ததும் பயமாக இருந்தது. தாலி இழந்தவள் சீர்த்தட்டைத் தூக்கலாமா? பொம்பளை மடியில் காது குத்தலாமா? அப்பத்தாக்காரி பக்கம் மாறலாமா? ஒவ்வொன்றாகச் சந்நிதியைப் பார்த்துக் கேட்டாள். சோழநாச்சி கல்யாணமே ஆகாமல் கன்னியாக நின்றுபோன தெய்வம். கழுத்தில் கயிறு கிடையாது. அவளைத்தான் இந்தச் சுற்று வட்டாரமே தாயே என்கிறது. யார் அவளிடம் முறை கேட்டார்கள்?  வேப்பங்காற்று வந்தது. மறுப்பு என்று எதுவும் வரவில்லை.

"சுகந்தி, பிள்ளையைப் பிடி" என்றாள். மகள் வந்து வாங்கிக்கொண்டாள். பூசாரியிடம் ஒரு பித்தளைத் தட்டைக் கேட்டு வாங்கி, மஞ்சள் பையிலிருந்து ஒவ்வொன்றாக எடுத்து வைத்தாள். சட்டை, கிலுகிலுப்பை, கம்மல், வெற்றிலை, இரண்டு வாழைப்பழம்.  கால் கழுவிவிட்டு வந்த வையாபுரி, "எங்க போற?" என்றார். "சீர் எடுத்துட்டு வரேன் அண்ணே." "யாரு சீரு?" "பெத்தவ வீட்டுச் சீரு. அங்கிருந்து வர ஆள் இல்லல்ல, நான் போய் வரேன்." "ஏ, உனக்கென்ன கிறுக்கா? நீ அப்பத்தாடி அவனுக்கு." "அப்பத்தா எங்க போயிடப் போறா, நாளைக்கு ஆகிக்கிறேன். இன்னிக்கு ஒரு நாள் அந்தப் பொண்ணு வீட்டு ஆளா இருந்துட்டுப் போறேன்."  முறையில் இதற்கு எந்த இடம் என்று அவர் முகம் தேடுவது தெரிந்தது. "அப்ப நான் எதுக்கு வந்தேன்?" என்றார் கடைசியில், குழந்தை மாதிரி. "நீங்க பாலகுருவுக்குத் தாய்மாமன் அண்ணே. அவன் வீட்டுப் பெரிய மனுஷன். வாசல்ல அவன் பக்கத்துல நின்னு எங்களை வாங்கன்னு கூப்பிடுங்க." "எங்களையா? எத்தனை பேருடி வர்றீங்க?" பக்கத்தில் இருந்தவர்கள் சிரித்தார்கள். ஆசாரி எழுந்து துண்டை உதறினார். "எனக்குப் பிள்ளை தலை ஆடாம இருந்தாப் போதும். மடி யார் மடியானா என்ன. வெரசா வாங்க தாயி, பத்து நிமிஷம்தான் இருக்கு."

வாழையைத் தாண்டி மண்பாதைக்கு வந்தாள். சூடு செருப்பில்லாத காலில் ஏறியது. முப்பது அடி தள்ளிப் போய், ஒரு பனையடியில் நின்று திரும்பினாள். இங்கிருந்து பார்த்தால் கோயில் வேறு மாதிரி இருந்தது. எல்லாரும் அந்தப் பக்கம், சின்னதாக, ஒன்றாக, ஒரு குடும்பமாக. இப்படித்தான் தெரியுமோ அவளுக்கு. இப்படித் தூரத்திலிருந்து ஒரு நாள் பார்த்திருப்பாளோ. தன் பக்கத்தில் யாரோ நிற்கிற மாதிரி இருந்தது. திரும்பிப் பார்க்கவில்லை. வா, போவோம் என்றாள் வாய்க்குள். உறுமிக்காரர் ஓடி வந்து, "எந்த வீட்டுக்கும்மா அடிக்கிறது?" என்று கேட்டார். "பொண்ணு வீட்டுக்கு" என்றாள். உறுமி முனகி, முறுக்கேறி, பாதை முழுக்க நிறைந்தது. தட்டை மார்புக்கு நேராக ஏந்திக்கொண்டு நடந்தாள். வாசலில் அண்ணன் தோள் துண்டை இடுப்பில் கட்டிக்கொண்டிருந்தார், முறை என்று ஒன்று வந்துவிட்டால் அவருக்குத் தெரியாததா. பக்கத்தில் பாலகுரு. கையைத் துடைத்துக்கொண்டு ஓடி வந்தவன், ஒரு கையில் பிள்ளையை வாங்கித் தோளில் போட்டிருந்தான். பிள்ளை விழித்துக்கொண்டு, சந்தனம் பாளம் பாளமாக வெடித்த தலையோடு, உறுமியைப் பார்த்து வாயைப் பிளந்துகொண்டிருந்தான். மகனுக்கு எதிரே வந்து நின்றாள். அம்மாவை எப்படிக் கூப்பிடுவது என்று அவனுக்குத் தெரியவில்லை. உதடு ஒரு பக்கமாக இழுத்தது. மாமன் முழங்கையால் இடித்தார். "வாங்க" என்றான். பிள்ளையைத் தோளில் ஏற்றிப் போட்டுக்கொண்டு திரும்பச் சொன்னான். "வாங்க. வாங்க." அதற்கப்புறம் சம்பந்தம் வந்தவர்களை வாசலில் வழக்கமாகக் கேட்கிற கேள்விதான், கேட்டுப் பழகிய கேள்விதான், யோசிக்காமல் கேட்டுவிட்டான்: "வீட்டுல எல்லாரும் சுகந்தானா?" கேட்ட பிறகுதான் யாரைப் பற்றிக் கேட்டோம் என்று அவனுக்கு உறைத்திருக்க வேண்டும். முகம் அப்படியே நின்றுபோனது.  ஒரு வருஷமாக அவள் நாச்சியிடம் கேட்டுக்கொண்டிருக்கிற கேள்வி அது, இப்போது அவளிடமே வந்து நிற்கிறது. பிள்ளையின் தாடையைப் பார்த்தாள். தட்டைக் கொஞ்சம் மேலே தூக்கிப் பிடித்தாள்.

"சுகமா இருக்கா மாப்பிள்ளை" என்று மகனிடம் சொல்லிவிட்டு, வலது காலை எடுத்து உள்ளே வைத்தாள்.